தேடிப் போய் வாங்கும் அடி: வீடியோ கேமும் விருப்பப் பகையும்

'பாஸ்' என்கிற சொல்லை, முதலாளி என்ற பொருள் தெரிவதற்கு முன்பே வில்லன் என்ற பொருளில்தான் நம்மில் பலர் கேட்டிருப்போம். எழுபதுகளின் தமிழ்ப் படங்களில் குகை மாதிரி ஒரு செட், சுவரெல்லாம் மினுக் மினுக்கென்று பல்புகள், நடுவே ஒரு சுழல் நாற்காலி. அதில் உட்கார்ந்திருப்பவனிடம் அடியாட்கள் "எஸ் பாஸ்" என்பார்கள். கதாநாயகன் அடியாட்களைத் தட்டிப் போட்டுவிட்டுக் கடைசியில் பாஸிடம் வந்து சேர்வான். வராமல் இருக்க முடியாது. வீடியோ கேமிலும் இச்சொல் ஏறக்குறைய இதே பொருளில்தான் புழங்குகிறது: ஒரு கட்டத்தின் முடிவில் வழியை மறித்து நிற்கும் பெரிய எதிரி. அவனை முடித்தால்தான் அடுத்த கட்டம்.

ஆனால் கடந்த முப்பது முப்பத்தைந்து ஆண்டுகளில் இவ்வடிவத்துக்குள் இன்னொரு வகைப் பாஸ் உருவாகி வளர்ந்திருக்கிறான். இவன் வழியை மறிப்பதில்லை. இவனைச் சந்திக்காமலேயே ஆட்டத்தை முடித்துவிடலாம். இப்படி ஒருவன் இருப்பதே தெரியாமலும் முடித்துவிடலாம். நாமாகத் தேடிப் போய், கதவைத் திறந்து, அடி வாங்க வேண்டும். பல சமயம் அந்த ஆட்டத்திலேயே மிகக் கடினமான சண்டை இவனோடுதான். ஆடுகிற பையன்கள் 'ஆப்ஷனல் பாஸ்' என்கிறார்கள். நான் விருப்பப் பகை என்று எழுதுகிறேன். தமிழாக்க வெறி ஒன்றும் இல்லை. பகையோடு விருப்பம் ஒட்டும்போது உண்டாகிற நெருடல் எனக்குத் தேவைப்படுகிறது.

இதையெல்லாம் சிறுபத்திரிகையில் எழுதுவதா என்று நண்பர்கள் சிலர் கேட்டார்கள். சினிமாவைப் பற்றி எழுதத் தொடங்கியபோது முந்தைய தலைமுறையையும் இப்படித்தான் கேட்டிருப்பார்கள். 'எல்டன் ரிங்' என்கிற ஜப்பானிய ஆட்டம் 2022 பிப்ரவரியில் வெளியாகி, மூன்றே ஆண்டுகளில் மூன்று கோடிப் பிரதிகள் விற்றது ('பிரதி' என்று நாம் ஓயாமல் எழுதிவருகிற சொல்லுக்கு இப்படியும் ஒரு பொருள் இருக்கிறது). போராட்டம், பகை, தோழமை, சாவு என்று நாம் கூட்டங்களில் புழங்குகிற சொற்களுக்கு ஒரு தலைமுறையின் கட்டைவிரல்களில் வேறொரு பயிற்சி நடந்துகொண்டிருக்கிறது. அது என்ன பயிற்சி என்று யாராவது பார்க்கத்தானே வேண்டும்.

*

கட்டாயப் பகைக்குப் பின்னால் இருப்பது காசு. எண்பதுகளின் ஆர்கேட் இயந்திரங்கள் நாணயம் போட்டு ஆடுபவை. ஆடுகிறவன் சீக்கிரம் செத்தால்தான் அடுத்த நாணயம் விழும். ஆகவே வழியில் ஒரு சுவரைக் கட்டி, அந்தச் சுவருக்கு முகமும் கையும் காலும் வைத்தார்கள். அதுதான் பாஸ். அதைத் தாண்டாமல் போக வழி வைத்தால் முதல் போட்டவனுக்கு நஷ்டம்.

நம்மூரில் இந்தக் கணக்கு வேறு உருவில் தொடர்ந்தது. கோடம்பாக்கம், வடபழனிச் சந்துகளில் மணிக்கு இவ்வளவு என்று வாடகைக்கு ஆடவிடுகிற கடைகளை நான் பள்ளி நாட்களிலிருந்து பார்த்துவருகிறேன். அங்கே ஆடப்படுவது பெரும்பாலும் கால்பந்து, மல்யுத்தம், இருவர் மோதும் குத்துச்சண்டை வகைகள். நூறு மணி நேரம் நீளும் ஆட்டங்களை அங்கே யாரும் தொடுவதில்லை. காரணம் ரசனைக் குறைவு அல்ல. நேற்று நீங்கள் நிறுத்திய இடத்தை இன்று வேறொருவன் அழித்திருப்பான். ஒவ்வொரு சாவுக்கும் கடிகாரம் ஓடும். விருப்பப் பகை என்பது சொந்தமாக இயந்திரமும், சொந்தமாகச் சேமிப்பும், சொந்தமாக இரவுகளும் வைத்திருப்பவனுக்கான வடிவம். இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. பின்னால் எவ்வளவு கோட்பாடு பேசினாலும் இந்த வாடகைக் கணக்கு அடியில் ஓடிக்கொண்டேதான் இருக்கும்.

அவ்வடிவம் வீட்டுக்குள் பிறந்ததில் வியப்பில்லை. 1992இல் வந்த 'ஃபைனல் ஃபேண்டஸி' ஐந்தாம் பாகத்தில் ஓமேகா, ஷின்ரியூ என்று இரண்டு பகைகள். இறுதி வில்லனைவிடப் பலசாலிகள். ஆனால் கதைக்கு இரண்டும் வேண்டியதில்லை. கதைக்கு வேண்டாத ஒன்று கதையின் உச்சத்தைவிடப் பெரியதாக இருப்பது விசித்திரமான அமைப்பு. நம் காப்பியங்களில் கிளைக்கதைகள் உண்டுதான், ஆனால் ராவணனைவிட வலிய அரக்கனைப் பக்கத்துக் காட்டில் வைத்து 'விருப்பமிருந்தால் போய்ப் பார்' என்று எந்தக் கவியும் சொல்லவில்லை.

*

எல்டன் ரிங்கில் மலேனியா என்று ஒருத்தி. அவளை அடைவதே ஒரு வேலை. இரண்டு துண்டாகிப்போன ஒரு பதக்கத்தின் பாதிகளை வெவ்வேறு மூலைகளில் தேடி எடுத்து, ஒரு பெரிய தூக்குமேடையில் வழக்கமான திசையை விட்டு வேறு திசையைத் தேர்ந்து, பனிவெளி கடந்து, ஒரு மாபெரும் மரத்தின் கிளைகளில் தொற்றி இறங்கி, வேருக்கு வர வேண்டும். இத்தனைக்கும் ஆட்டம் உங்களை அங்கே போகச் சொல்வதே இல்லை.

அவள் ஒரு கையை இழந்தவள், பொய்க்கை பூட்டியவள், பார்வையும் போனவள். பிறவியிலேயே உடலை அழுகவைக்கும் ஒரு நோயைச் சுமப்பவள். அவள் வாள் உங்கள்மேல் பட்டால் அவளுக்கு உயிர் ஏறும். கேடயத்தால் தடுத்தாலும் ஏறும். அதாவது தற்காப்பு இங்கே பயன்படாது. நீங்கள் தாங்குகிற ஒவ்வொரு அடியும் அவளுக்கு மருந்து. நடுவில் ஒரு கணம் அந்தரத்தில் நிற்பாள். ஆடியவர்கள் எல்லோருக்கும் அந்தக் கணம் தெரியும், வயிற்றைப் பிசையும். அடுத்து அலை அலையாக வெட்டுகள். இவ்வளவையும் தாண்டி அவளைச் சாய்த்தால் பூவாக விரிந்து மறுபடி எழுகிறாள், இம்முறை நோயையே ஆயுதமாக வீசிக்கொண்டு. செத்தால் நீங்கள் சேர்த்த 'ரூன்' என்கிற செல்வமெல்லாம் செத்த இடத்தில் கிடக்கும். திரும்பி வந்து எடுக்க ஒரே வாய்ப்பு. அதற்குள் மறுபடி செத்தால் போனது போனதுதான்.

வென்றால் என்ன கிடைக்கும்? ஒரு நினைவுப் பொருள், அதைக் கொடுத்து மாற்றிக்கொள்ள ஓர் ஆயுதம். அடித்தால் உயிர் ஏறுகிற அவளுடைய ஆற்றலின் நீர்த்துப்போன ஒரு வடிவம். அவளையே வீழ்த்தத் தெரிந்தவனுக்கு அதெல்லாம் எதற்கு? ஆட்டத்தை முடிக்க அவளிடமிருந்து ஒன்றும் தேவையில்லை. ஆனாலும் ஐம்பது தடவை, நூறு தடவை சாகிறார்கள். ஏன்?

மனவியல்காரர்கள் ஏதாவது சொல்வார்கள். எனக்குத் தொல்காப்பியம்தான் உதவியது. முதுகலையில் புறத்திணையியலை மதிப்பெண்ணுக்காக உருப்போட்டவர்களுக்குக்கூட வரிசை நினைவிருக்கும். வெட்சி ஆநிரை கவர்தல். வஞ்சி மண்ணாசையால் படையெடுத்தல். உழிஞை மதிலை முற்றுகையிடலும் காத்தலும். இம்மூன்றுக்கும் ஒரு பொருள் இருக்கிறது: மாடு, மண், கோட்டை. அடுத்து வரும் தும்பைக்கு மட்டும் வலிமையே பொருள். தன் வலிமையைக் காட்டுவதையே நோக்கமாக வைத்து வரும் வேந்தனை எதிர்சென்று அழிப்பது. எதையும் எடுக்க அல்ல, யாரையும் மீட்க அல்ல.

கட்டாயப் பாஸ் உழிஞைப் பகை. அவனுக்குப் பின்னால் மதில் இருக்கிறது. பொருள் மதிலுக்கு அந்தப்பக்கம்தான், அவனிடம் இல்லை. அவன் யாராக இருந்தாலும் ஒன்றுதான். மலேனியாவுக்குப் பின்னால் ஒன்றும் இல்லை. அந்த மரவேரோடு உலகம் முடிகிறது. ஆகவே அவள் மட்டும்தான் அங்கே பொருள். அவளை ஆடியவர்கள் அவளுடைய ஒவ்வொரு அசைவையும் மனப்பாடமாகச் சொல்கிறார்கள். கட்டாயப் பாஸ்களின் பெயர்களைக்கூட மறந்துபோகிறார்கள். பகைவனை உற்றுப் பார்க்கிற கவனம் தேவை தீர்ந்த இடத்தில்தான் பிறக்கிறது என்று தோன்றுகிறது.

இதை உடனே கொண்டாட வேண்டியதில்லை. தும்பையைப் பாடியவர்கள் பரிசிலுக்காகவும் பாடினார்கள்; வேந்தனின் வெறிக்குச் செத்த மறவர்களுக்கு அது விருப்பப் போராக இருந்திருக்க வாய்ப்பில்லை. ஒருவனுடைய தும்பை இன்னொருவனின் கூலி. கைலாசபதி வீரயுகப் பாடல்களை ஆராய்ந்து 1968இல் நூல் வெளியிட்டபிறகும் நம் மேடைகளில் புறநானூறு இன்னும் மார்தட்டத்தானே பயன்படுகிறது.

ழார்ஜ் பத்தாய் என்கிற பிரெஞ்சுக்காரர், சமூகத்தின் உபரி பயனின்றிச் செலவழிக்கப்பட்டே தீரும் என்றார்: விழாவாக, பலியாக, போராக. விருப்பப் பகையும் அப்படி ஒரு செலவழிப்பு என்று வாதிடலாம். நூறு மணி நேரத்தைக் கொட்டி ஒன்றும் வாங்காமல் திரும்புவது உற்பத்தி ஒழுக்கத்துக்கு எதிரானதுதான். ஆனால் சந்தை இதையும் கணக்கில் எழுதிக்கொள்கிறது. மலேனியாவை வென்றால் உங்கள் பெயருக்கு எதிரே ஒரு கோப்பைச் சின்னம் விழும், நண்பர்களெல்லாம் பார்க்க. இன்னொன்று இதைவிடச் சுவாரசியம். 2024 ஜூனில் எல்டன் ரிங்குக்கு ஒரு விரிவாக்கம் வந்தது, தனி விலைக்கு. அதற்குள் நுழைய ரடான், மோக் என்ற இருவரை முன்பே வீழ்த்தியிருக்க வேண்டும். மூல ஆட்டத்தில் இருவருமே விருப்பப் பகைகள்! காசு கொடுத்து வாங்கியவனுக்கு நேற்றைய விருப்பம் இன்று கட்டாயம். மலேனியாவை மட்டும் விட்டுவைத்தார்கள்.

*

சண்டையிடாமல் போகலாம் என்ற வழி திறந்திருக்கும்போதுதான் 'ஏன் சண்டையிடுகிறேன்' என்ற கேள்வி வருகிறது. இதை மிகக் கூர்மையாகச் செய்தது அதே நிறுவனத்தின் 2011ஆம் ஆண்டு ஆட்டமான 'டார்க் சோல்ஸ்'. அதில் ஓர் ஓவியத்துக்குள் ஓர் உலகம். அதற்குள் போவதே விருப்பம்தான். அங்கே பிரிசில்லா என்று ஒருத்தி, பாதி டிராகன். அவளிடம் உள்ள ஏதோ ஓர் ஆற்றலுக்குத் தேவர்களே அஞ்ச, இந்த ஓவியத்துக்குள் இருக்கிறாள். உங்களைக் கண்டதும் அவள் தாக்குவதில்லை. நீ இந்த இடத்துக்கு உரியவன் இல்லை, திரும்பிப் போ என்ற பொருளில் பேசிவிட்டு நிற்கிறாள். பின்னால் விளிம்பு தெரிகிறது. அதிலிருந்து குதித்தால் வெளியேறிவிடலாம்.

பலர் குதிப்பதில்லை. அவள் வாலை வெட்டினால் ஒரு கத்தி கிடைக்கும். அந்தக் கத்திக்காக, அவளுடைய ஆன்மாவை விற்றோ உருக்கியோ வரும் லாபத்துக்காக, அல்லது சும்மா, பாஸ் மாதிரி இருக்கிறாளே என்பதற்காக வெட்டுகிறார்கள். ஒதுக்கப்பட்டவர்களை அடைத்துவைத்த ஓர் இடத்துக்குள் விருந்தாளியாகக்கூட இல்லாமல் நுழைந்து, போ என்று மரியாதையாகச் சொன்னவளைக் கொன்று, அவள் உடம்பில் ஒரு துண்டைக் கருவியாக்கிக்கொண்டு வெளியேறுகிறான் ஆடுகிறவன். காலனியம் பற்றி நாம் படித்த எத்தனை கட்டுரைகள் இதை இத்தனைச் சுருக்கமாகச் சொல்லியிருக்கின்றன? கட்டாயப் பாஸாக அவளை வைத்திருந்தால் இந்தக் குற்றம் எழுதியவனுடையதாகப் போயிருக்கும். வழி இருந்ததால் அது ஆடியவனுடையதாகிறது.

2019இல் வந்த 'செகிரோ' இதற்கு நேர் எதிர். அதில் ஆட்டம் முழுக்க உங்களுக்குப் பொய்க்கை பூட்டி, பழுது பார்த்து, பாழடைந்த கோயிலில் உட்கார்ந்து புத்தர் சிலை செதுக்கிக்கொண்டிருக்கும் ஒரு கிழவர். கடைசிக் கட்டத்தில், எரிகிற ஊரின் எல்லையில் 'வெறுப்பின் பூதம்' என்று ஒரு விருப்பப் பகை. அது அந்தக் கிழவர்தான். கொன்ற கொலைகளின் வெறுப்பு தேங்கித் தேங்கி அவரைப் பூதமாக்கியிருக்கிறது. போகாமல் இருக்கலாம். போகாவிட்டால் அவர் அப்படியே எரிந்துகொண்டிருப்பார். இங்கே விட்டுவிடுவது கருணை இல்லை.

(செகிரோ வந்தபோதுதான் 'எளிய நிலை' ஒன்றும் வேண்டுமா என்ற சண்டை உலகளவில் நடந்தது. விரல்கள் ஒத்துழைக்காத உடம்புக்காரர்கள் கேட்டார்கள். கடினம்தான் கலை என்று மற்றவர்கள் பதில் சொன்னார்கள். 'பிடிக்கலன்னா ஆடாதே' என்பது பதில் இல்லை. கோயிலுக்குள் வர வேண்டாம், வெளியில் நின்று கும்பிடலாமே என்று சொன்னவர்களை நாம் பார்த்திருக்கிறோம்.)

*

கோடம்பாக்கத்துக்கு வருவோம். இங்கே எல்லாச் சண்டையும் கட்டாயம். படத்துக்கு இத்தனை பைட் என்று கதைக்கு முன்பே தீர்மானமாகிவிடுகிறது: அறிமுக பைட், இடைவேளைக்கு முன் ஒன்று, கிளைமாக்ஸ். எம்.ஜி.ஆர்., நம்பியாரோடு வாள் வீசாமல் ஊருக்குத் திரும்ப முடியாது; ரசிகனும் அனுமதிக்கமாட்டான். முடிவு முன்கூட்டியே தெரிந்த கட்டாயச் சண்டை. வீடியோ கேமில் கட்டாயச் சண்டையாவது தோற்கும். இதில் அதுகூட இல்லை. விதிவிலக்குபோலத் தோன்றுவது 'சார்பட்டா பரம்பரை' (2021). வேம்புலியை எட்டுமுன் டான்சிங் ரோஸைத் தாண்ட வேண்டும். கதைக் கணக்கில் அவன் ஒரு படி மட்டுமே. ஆனால் பார்த்தவர்கள் மனதில் நின்றது அவன்தான். உபரி ஒன்று கட்டாயத்துக்குள் கசிந்த இடம் அது. அதற்காக அதை விருப்பப் பகை என்று சொல்லிவிட முடியாது. கபிலனுக்கு அதைத் தாண்டிப் போக வேறு வழி இல்லை.

ஆனால் நான் சொல்ல வருவது திரையைப் பற்றி அல்ல. சண்டைக் கலைஞர்களைப் பற்றி. திரையில் அடி வாங்கி விழுகிற அந்த உடம்புகள் இந்த வட்டாரத்தில்தான் வாடகைக்கு இருக்கின்றன, காலையில் பைக் எடுத்துக்கொண்டு கிளம்புகின்றன. தும்பைத் திணைக்குத் தொல்காப்பியம் சொல்லும் சிறப்பு ஒன்று உண்டு: அம்பும் வேலும் உடம்பெங்கும் மொய்த்துத் தைக்க, உயிர் போன பிறகும் நிலத்தில் படாமல் நிற்கிற உடல். நிலந்தொடாத உடல் என்பதை இன்று கோடம்பாக்கம் கயிற்றிலும் கிரேனிலும் செய்கிறது. 2022 டிசம்பரில் 'விடுதலை' படப்பிடிப்பில், வண்டலூர் அருகே, கயிறு அறுந்து ஒரு சண்டைக் கலைஞர் விழுந்து இறந்தார். 2024 ஜூலையில் 'சர்தார் 2' படப்பிடிப்பில், சாலிகிராமத்தில், சுமார் இருபது அடி உயரத்திலிருந்து விழுந்து இன்னொருவர். 2025 ஜூலையில் 'வேட்டுவம்' படப்பிடிப்பில், நாகை மாவட்டத்தில், கார் பறந்து கவிழும் காட்சியில் இன்னொருவர். எரிகிற கார், உடைகிற கண்ணாடி, மாடியிலிருந்து பாய்ச்சல் எல்லாம் அவர்களுக்கு வேலை. மாட்டேன் என்று சொல்லலாம்தானே என்றால், சொல்லலாம். அடுத்த படத்துக்குக் கூப்பிடமாட்டார்கள். காகிதத்தில் விருப்பம், நடைமுறையில் கட்டாயம். வீட்டில் உட்கார்ந்து மலேனியாவிடம் நூறு தடவை சாகிறவனும், ஒரே தடவை சாகிறவனும் ஒரே வேலையைத்தான் செய்கிறார்கள் என்று தோற்றம் காட்டுவது இந்தப் 'பைட்' என்கிற சொல்.

*

கடைசியாக ஒன்று. எல்டன் ரிங்கில் தனியாக முடியாவிட்டால் மற்றவர்களை உதவிக்கு அழைக்கலாம். உதவ விரும்புகிறவன் தன் குறியைத் தரையில் பொன் எழுத்தாக எழுதிவைப்பான். நீங்கள் அதைத் தொட்டால் அவன் உங்கள் உலகத்துக்கு வருவான். 2022இல் 'லெட் மீ சோலோ ஹெர்' என்ற புனைபெயரில் ஒருவர் மலேனியாவின் வாசலில் குறி எழுதிவைத்துக் காத்திருந்தார். உடம்பில் கோவணம் மாதிரி ஒரு துணி, தலையில் கவிழ்த்த ஒரு பானை. நீங்கள் ஒதுங்கி நில்லுங்கள், அவளை நானே பார்த்துக்கொள்கிறேன் என்பது பெயரிலேயே இருக்கிறது. ஆயிரம் பேருக்கு மேல் இப்படி வென்று கொடுத்தார். வெளியீட்டாளர் ஒரு நிஜ வாளையே பரிசாக அனுப்பினார்கள். உலகம் முழுக்கக் கொண்டாடினார்கள். எனக்கும் பிடித்தது, பானைத் தலையனைப் பிடிக்காமல் போகாது.

ஆனால் விதிகளைப் பாருங்கள். உதவிக்கு ஆள் வந்தால் பகையின் உயிர் அளவு கூடும். மலேனியாவின் விஷயத்தில் இன்னும் மோசம்: வந்தவன் மேல் விழுகிற வெட்டும் அவளுக்கு மருந்துதான். விவரம் தெரியாமல் ஆர்வத்தோடு வருகிற ஒரு தோழன் பகைவனுக்கு உயிர் கொடுத்துக்கொண்டிருப்பான். இதைப் படித்ததும் எனக்குச் சில பேரவைகளும், சில 'ஆதரவுக் கூட்ட'ங்களும், அதில் பேசிய சிலரும் ஞாபகம் வந்தார்கள். (பெயர் வேண்டாம்.)

அடுத்த விதி. அழைத்தவன் செத்தால் சண்டை அங்கேயே முடிந்தது. வந்தவன் செத்தால் தன் உலகத்துக்குத் திரும்பிவிடுவான். அவனுடைய செல்வத்தில் ஒன்றும் குறையாது. அவனுக்கு அது எப்போதும் விருப்பப் பகை. ஒரு தொழிற்சங்க நண்பரிடம் இதைச் சொன்னபோது, "அப்ப நம்ம வக்கீல் மாதிரின்னு சொல்லு" என்றார். மலக்குழியில் இறங்கச் சொல்வதை எதிர்த்து நிற்கிற ஒருவனுக்கும், அவனுக்காகக் கையெழுத்து வாங்குகிற எனக்கும் நடுவில் இருப்பது இந்த விதிதான். 2013இல் சட்டம் வந்தது, சாவு நிற்கவில்லை. நான் எந்த நாளும் அந்த விளிம்பிலிருந்து குதித்து வீட்டுக்குப் போகலாம். அவனால் முடியாது. இதற்காக நான் கையெழுத்து வாங்காமல் இருக்க வேண்டும் என்று அர்த்தமில்லை. ஆனால் இருவரும் ஒரே களத்தில் நிற்பதாகப் பேசுகிற நம் மொழி இந்த வேறுபாட்டைத் துடைத்துவிடுகிறது. கோடம்பாக்கத்தின் கதாநாயகனும் இதே வேலையைத்தான் செய்தான். குப்பத்து மக்கள் ஓரமாக நின்று பார்த்துக்கொண்டிருக்க, அவர்களுடைய சண்டையை அவன் போட்டான். கைதட்டினார்கள், பிறகு ஓட்டும் போட்டார்கள்.

பானைத் தலையனை அழைத்தவர்களில் சிலர், வெற்றி கிடைத்த மறுகணம் ஒரு வெறுமை வந்தது என்று சொன்னார்கள். ஓரமாக நின்று பார்த்தார்களாம், அவள் விழுந்துவிட்டாள், வந்தவர் ஒரு கும்பிடு போட்டுவிட்டு மறைந்துவிட்டார். திரும்பவும் தானே போட்டுப் பார்க்கலாம் என்றால், அந்தப் பயணத்தில் அவள் மறுபடி வரமாட்டாள். ஆட்டத்தை முதலிலிருந்து தொடங்கி, பதக்கத்தின் இரண்டு பாதிகளையும் மறுபடி தேடி எடுத்து, பனியைக் கடந்து, மரத்தில் இறங்கி வர வேண்டும். சிலர் அப்படி வந்திருக்கிறார்கள்.